பூவரசு வேலிக்கு இங்கால மதில் அத்திவாரம்: கவர்மென்ட் சேவையரைக் கூப்பிட்டு அளக்கலாமா?

தெற்குப்படலை

மட்டக்களப்பு மாவட்டம், களுவாஞ்சிக்குடிப் பக்கம், ஊர்ப் பெயரைச் சொன்னால் ஆளைப் பிடித்துவிடுவார்கள், அதனால் இவ்வளவுதான். அம்மாவின் சீதன வளவு. அம்மம்மாவுக்கு மூன்று பெண்பிள்ளைகள், 1964 இல் தன்னுடைய வளவை மூன்றாக்கி மூன்று பேருக்கும் தனித்தனியாக உறுதி (காணிப் பத்திரம்) முடித்துக் கொடுத்திருக்கிறா. மேற்கே ஒழுங்கையோடு ஒட்டின துண்டு அம்மாவுக்கு, நடுத்துண்டு சின்னம்மாவுக்கு, கிழக்குத் துண்டு பெரியம்மாவுக்கு. உறுதியில் "கிழக்கு மேற்கு பாகம் 11, வடக்கு தெற்கு பாகம் 16½" என்று எழுதியிருக்கிறது. மூன்று உறுதியிலும் அதே அளவுதான்.

எங்களுக்கும் சின்னம்மாவுக்கும் இடையில் இருந்த கிடுகு வேலி 78 சூறாவளியோடு போய்விட்டது. அடுத்த வருஷம் அப்பா பூவரசங் கதிகால் நட்டு வேலி போட்டார், அந்தக் கதிகால் எல்லாம் இப்போது கட்டிப்பிடிக்க முடியாத மரம். இத்தனை வருஷம் ஒரு கதை இல்லை. இப்போது சின்னம்மா இல்லை, அவவின் மகள்தான் இருக்கிறா, மகளின் புருஷன் வெளிநாட்டுக் காசில் மதில் கட்டுகிறார். கட்டட்டும், சந்தோஷம். ஆனால் போன கிழமை வந்து பார்த்தால் மரத்துக்கு இங்கால, எங்கள் பக்கம் ஒன்றரை அடி உள்ளே நூல் பிடித்து அத்திவாரம் வெட்டத் தொடங்கிவிட்டார். கேட்டதற்கு "மச்சான், உண்மையான எல்லை இதுக்கும் உள்ளேதான், நான் விட்டுத்தான் கட்டுறன்" என்கிறார். ஒரு சேவையரைக் கொண்டு தனியாக அளந்து அளவைப் படமும் வைத்திருக்கிறார், எங்களுக்கு ஒரு அறிவித்தலும் வரவில்லை.

நான் டேப் எடுத்து அளந்தேன். ஒழுங்கை ஓரத்திலிருந்து மரம் வரை 61 அடிதான். 11 பாகம் என்றால் 66 அடி. ஏற்கனவே எங்களுக்கு 5 அடி குறைவு, அதற்குள் இன்னும் ஒன்றரை அடி எடுக்கிறார்!

அவர் கொண்டு வந்த சேவையரை நாங்கள் நம்பவில்லை, நாங்கள் கொண்டு போகிறவரை அவர் நம்பமாட்டார். அதனால் நில அளவைத் திணைக்களத்து ஆளே வந்து அளந்து எல்லைக் கல் போட்டுவிட்டால் பிரச்சினை முடிந்தது என்று நினைக்கிறேன். கிராம சேவகர் பிரதேச செயலகத்துக்குப் போகச் சொன்னார், அங்கே "உறுதிக்காணி என்றால் நாங்கள் ஒன்றும் செய்ய முடியாது" என்று அனுப்பிவிட்டார்கள். யாராவது இந்த வழியில் போனவர்கள் இருந்தால் சொல்லுங்கள். அம்மாவுக்கு 81 வயசு, தினமும் அந்த வெட்டின கிடங்கைப் பார்த்துப் பார்த்து அழுகிறா.

கோட்டைக்கல்லாறு_தம்பி

அண்ணா முதலில் பொலிசில் ஒரு முறைப்பாடு போட்டு வேலையை நிப்பாட்டுங்கள். மதில் எழும்பினால் பிறகு உடைக்க ஏலாது. அளக்கிறது எல்லாம் பிறகு.

செயின்பிடித்தவன்

தம்பி சொன்னதில் பாதி சரி.

நான் அளவையாளர் இல்லை. முப்பது வருஷத்துக்கு மேல் அளவையாளர்களுக்குச் செயின் பிடித்தவன், வெல்லாவெளிக் காட்டிலிருந்து பொத்துவில் மணல் வரை கால் படாத இடம் குறைவு. அதனால் சட்டத்தை மற்றவர்கள் சொல்லட்டும், நான் அளவையைச் சொல்கிறேன்.

முதலாவது, உங்களை அனுப்பிவிட்டவர்கள் பொய் சொல்லவில்லை. திணைக்களம் 1800 ஓகஸ்ட் 2 இல் தொடங்கிய நாளிலிருந்து அதன் முதல் வேலை அரச காணி. அரச காணி பிரித்துக் கொடுப்பது, அரச காணியை அனுமதியில் வைத்திருக்கிற பெர்மிட்காரருக்கு அளிப்புப் பத்திரம் கொடுக்கத் துண்டு அளப்பது, அரசு காணி சுவீகரிப்பது, பிம் சவிய என்கிற காணி உரிமைப் பதிவுத் திட்டம் வந்த இடங்களில் வீடு வீடாகக் கல் போடுவது, நீதிமன்றம் கேட்டால் ஆணைக்குழுவாகப் போய் அளந்து அறிக்கை கொடுப்பது, இவைதான். இரண்டு உறுதிக்காரருக்கு இடையில் ஒன்றரை அடிக்குப் பொதுவாக அவர்கள் இறங்கமாட்டார்கள். அதற்காகத்தான் அனுமதிபெற்ற அளவையாளர்கள் இருக்கிறார்கள். அவர்களையும் சும்மா "பிறைவேட்" என்று தள்ளாதீர்கள். 2002 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்க நில அளவைச் சட்டத்தின்படி நில அளவைச் சபையில் பதிந்து வருஷா வருஷம் அனுமதி புதுப்பித்துத்தான் தொழில் செய்ய முடியும். நீதிமன்றமே ஆணைக்குழுவை அனேகமாக அவர்களுக்குத்தான் கொடுக்கிறது. உங்களுக்குத் தேவை இரண்டு பக்கமும் சேர்ந்து கூப்பிட்ட ஒருவர். எந்த ஒபிசிலிருந்து வருகிறார் என்பதில் ஒன்றும் இல்லை.

இரண்டாவதுதான் முக்கியம், இதை வாசித்ததும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. 11 பாகம், 16½ பாகம். பாகம் என்றால் இரண்டு கையையும் விரித்தால் வருகிற நீளம், ஆறு அடிக் கணக்கு. அந்தக் காலத்து உறுதிகளில் எங்கள் பக்கம் பெரும்பாலும் பாகக் கணக்குத்தான், ஆளைப் பொறுத்து ஒரு சாண் கூடும் குறையும். கையால் அளந்தவன் பத்துப் பாகம், பன்னிரண்டு பாகம், பதினைந்து பாகம் என்று எழுதுவான், பதினாறரை என்று எழுதமாட்டான். 11 பாகம் 66 அடி. அது சரியாக ஒரு செயின் (அளவைச் சங்கிலி), நூறு லிங்ஸ். 16½ பாகம் 99 அடி, அதாவது ஒன்றரைச் செயின். இரண்டையும் பெருக்கினால் சரியாக 24 பேர்ச் (160 பேர்ச் ஒரு ஏக்கர்) வருகிறது, ஒரு புள்ளி கூடவும் இல்லை, குறையவும் இல்லை. மூன்று பிள்ளைக்கும் தலைக்கு 24 பேர்ச் என்று யாரோ செயின் போட்டு அளந்து பிரித்திருக்கிறார்கள், உறுதி முடித்த நொத்தாரிசு அதைப் பாகமாக மாற்றி எழுதியிருக்கிறார். அப்படியானால் 1964 இல் ஒரு படம் இருந்திருக்க வேண்டும். உங்கள் உறுதியில் அது இல்லாமல் போகலாம், மற்ற இரண்டு பேரின் உறுதியில் ஒட்டியிருக்கலாம், அந்த நொத்தாரிசின் பத்திரக் கட்டுக்குள் இருக்கலாம். காசைச் செலவழித்து ஆளைக் கூப்பிட முதல் அந்தப் படத்தைத் தேடுங்கள்.

மூன்றாவது, நீங்கள் செய்த பிழை. உங்கள் துண்டை மட்டும் அளந்து 5 அடி குறைவு என்கிறீர்கள். மூன்று துண்டையும் ஒரே நேர்கோட்டில், மேற்கு ஒழுங்கையிலிருந்து கிழக்குக் கடைசி வேலி வரை அளக்க வேண்டும். 198 அடி வர வேண்டும். வந்தால் உங்கள் 5 அடி உள்ளுக்குள்தான் எங்கேயோ இருக்கிறது. வராவிட்டால் வெளியே போயிருக்கிறது. அந்த ஒழுங்கை முந்தி எப்படி இருந்தது, இப்போது எப்படி இருக்கிறது?

கந்தோர்க்கிளாக்கர்

கல்முனையில் ஒரு சட்டத்தரணியிடம் வேலை செய்கிறேன். செயின் ஐயா அளவையைச் சொல்லிவிட்டார், நான் பேப்பர் பக்கம்.

அளவையாளருக்கு எல்லையைத் தீர்மானிக்கிற அதிகாரம் இல்லை, அது அவர் திணைக்களத்துக்காரராக இருந்தாலும் சரி. அவர் செய்கிறது பழைய படத்தை இன்றைய நிலத்தின் மேல் வைத்துப் பார்ப்பது. படத்தின் கோடு எங்கே விழுகிறது, வேலி எங்கே நிற்கிறது, இடைப்பட்ட துண்டு எவ்வளவு, அதில் என்ன மரம் என்ன வயசு, யார் எதைத் தன்னுடையது என்று சொன்னார்கள், இவ்வளவையும் அறிக்கையில் எழுதுவார். "இது இன்னாருக்குச் சொந்தம்" என்று எழுதமாட்டார். அது மாவட்ட நீதிமன்றத்தின் வேலை. சனம் கல் போட்டால் முடிந்தது என்று நினைக்கிறது, கல் போட்ட பிறகுதான் பல வழக்கு தொடங்குகிறது.

ஏனென்றால் 1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்க ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம் என்று ஒன்று இருக்கிறது. வேறொருவரின் உரிமைக்கு எதிராக, தடையில்லாமல் பத்து வருஷம் ஆண்டு வந்தால் அந்த நிலத்துக்கு உரிமை கேட்கலாம். உங்கள் பூவரசு 1979 இலிருந்து நிற்கிறது என்று காட்ட முடிந்தால், படத்துக் கோடு அந்தப் பக்கம் விழுந்தாலும் இந்தப் பக்கம் விழுந்தாலும் வேலிக்கோட்டைப் பிடித்து வாதாட உங்களுக்கு இடம் இருக்கிறது. மரத்தை மட்டும் யாரும் தறிக்க விடாதீர்கள், அதுதான் உங்கள் சாட்சி. ஆனால் சொந்தத்துக்குள் இது லேசில்லை, "அக்கா தங்கச்சி, விட்டுக்கொடுத்து இருந்தோம், அனுமதியோடு இருந்தது" என்று எதிர்ப்பக்கம் சொல்லும். உங்கள் கேசில் ஒரு நல்ல விஷயம், மூன்று பேருக்கும் தனித்தனித் துண்டாக எழுதியிருக்கிறது. பிரிக்காமல் மூன்றில் ஒரு பங்கு என்று எழுதியிருந்தால் பங்காளிகளுக்குள் ஆட்சியுரிமை நிரூபிப்பது பெரும்பாடு, பிறகு 1977 ஆம் ஆண்டின் பிரிவிடல் சட்டத்தில் போய் நிற்க வேண்டியதுதான்.

தம்பி சொன்ன பொலிஸ் பற்றி. சண்டை வரும், சமாதானம் குலையும் என்று பொலிஸ் நினைத்தால் 1979 ஆம் ஆண்டு 44 ஆம் இலக்கச் சட்டத்தின் 66 ஆம் பிரிவில் நீதவானிடம் அறிக்கை போடும். ஊரில் "66 கேஸ்" என்பது அதுதான். அதில் பார்ப்பது சொந்தக்காரர் யார் என்பதை இல்லை, அறிக்கை போட்ட நாளில் யார் கையில் காணி இருந்தது, அல்லது அதற்கு முந்தின இரண்டு மாதத்துக்குள் யாரை யார் பலாத்காரமாக வெளியேற்றினார்கள் என்பதைத்தான். அதனால் முறைப்பாடு போடுவதென்றால் மூன்று மாதம் பொறுத்துப் போடாதீர்கள். ஆனால் அதைப் போட்ட அடுத்த நிமிஷம் மச்சான் மச்சானாக இருக்கமாட்டார், அதையும் யோசியுங்கள். நான் நூறு கேஸ் பார்த்தவன், அதில் வேலிக் கேஸ்காரர் ஒருவரும் பிறகு மற்றவரின் வீட்டுக் கலியாணத்துக்குப் போனதாக ஞாபகம் இல்லை.

முதலில் மத்தியஸ்த சபைக்கு ஒரு விண்ணப்பம் போடலாம். 1988 ஆம் ஆண்டுச் சட்டத்தில் வந்தது, காசு இல்லை, லோயர் வரத் தேவையில்லை. அவர்கள் தீர்ப்புச் சொல்வதில்லை, இருத்திப் பேச வைப்பார்கள், இரண்டு பேரும் ஒத்துக்கொண்டால் எழுதித் தருவார்கள், ஒத்துவராவிட்டால் ஒத்துவரவில்லை என்று ஒரு சான்றிதழ் தருவார்கள். சில வழக்குகளுக்கு நீதிமன்றம் போக அந்தச் சான்றிதழே தேவை.

வட்டைவெளி

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும், அக்கரைப்பற்றிலிருந்து. எங்களுடையது வளவு இல்லை, வயல், அதுவும் பெர்மிட் காணி. அப்பாவின் பெயரில் பெர்மிட் கிடைத்தது. பக்கத்துப் பூமிக்காரர் ஒவ்வொரு மாரிக்கும் வரம்பு கட்டுகிறேன் என்று வந்து தன் பக்கத்து மண்ணை விட்டுவிட்டு எங்கள் பக்கத்தை மண்வெட்டியால் செதுக்குவார். ஒரு போகத்துக்கு நாலு விரல் அகலம். பார்த்தால் ஒன்றும் தெரியாது. இருபது வருஷத்தில் வரம்பு நடந்து நடந்து எங்கள் வயலுக்குள் வந்துவிட்டது, வாய்க்கால் மடையும் அவருடைய பக்கம் போய்விட்டது. நீங்கள் சொல்கிற பத்து வருஷக் கணக்கைக் கேட்டதும் நெஞ்சு பக்கென்றது. எங்கள் காணியும் போயிற்றா?

கந்தோர்க்கிளாக்கர்

@வட்டைவெளி இல்லை. பெர்மிட் காணி 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் என்றால் அது இன்னும் அரசாங்கத்தின் காணி, உங்கள் கையில் இருப்பது அனுமதி. அரசுக்கு எதிராகப் பத்து வருஷம் ஓடாது. அவர் இருபது வருஷம் செதுக்கினாலும் அந்தத் துண்டுக்கு அவர் அத்துமீறினவர்தான். தெற்குப்படலைக்கு இல்லாத வழி உங்களுக்குத்தான் இருக்கிறது: பிரதேச செயலாளருக்கு எழுத்தில் கொடுங்கள், காணி உத்தியோகத்தர் வந்து பார்ப்பார், தேவையென்றால் நில அளவைத் திணைக்களத்துக்குக் கோரிக்கை போகும், திணைக்களத்து அளவையாளர் பழைய படத்தில் உங்கள் துண்டு இலக்கத்தைப் பார்த்து எல்லையை மீண்டும் காட்டுவார். காலம் எடுக்கும், அதை மறைக்கவில்லை. பெர்மிட் நகலில் படத்தின் இலக்கமும் துண்டு இலக்கமும் இருக்கும், அதை முதல் பக்கத்திலேயே எழுதுங்கள், இல்லாவிட்டால் கோப்பு ஒரு மேசையிலிருந்து மற்ற மேசைக்குப் போக ஒரு மாரி போய்விடும். அப்பா இல்லை என்றால் அவருக்குப் பின் காணி சேர வேண்டிய பின்னுரித்தாளராக யாருடைய பெயர் பதிந்திருக்கிறது என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள், அது சரியில்லாமல் எல்லை கேட்டுப் போனால் "நீங்கள் யார்" என்ற கேள்விதான் முதலில் வரும்.

மடை, வாய்க்கால், வயல் பாதை என்றால் கமநல சேவை நிலையத்திலும் முறையிடலாம். அவர்களின் இடாப்பில் உங்கள் பெயரும் ஏக்கரும் இருக்கும். அது உறுதிக்குச் சமம் இல்லை, ஆனால் யார் எவ்வளவு செய்தார்கள் என்பதற்கு நல்ல துணை.

செயின்பிடித்தவன்

வயல் வரம்பு நடப்பது உண்மை, வரம்பு மட்டுமில்லை, கல்லும் நடக்கும். ஒரு வயல் கண்டத்தில் நாலு கல்லும் சரியாக நட்டு வந்தோம், ஆறு வருஷத்தில் மறுபடி போனால் ஒரு கல் பன்னிரண்டு அடி தள்ளி நிற்கிறது, அடியில் பழைய கிடங்கு கறுப்பு மண்ணோடு தெரிகிறது, கல்லுக்காரர் "ஐயா உழவு மெஷின் தட்டிப்போட்டுது" என்கிறார். உழவு மெஷின் கல்லைத் தட்டும், தட்டின கல்லைப் பன்னிரண்டு அடி தூக்கிக்கொண்டு போய் நேராக நட்டு வைக்காது. அளவைக் கல்லை அசைப்பது குற்றம், இதை வயலுக்குள் யாரும் நம்புவதில்லை.

கரையோரத்தில் இன்னொரு வகை. 2004 சுனாமிக்குப் பிறகு கல்லாறு, திருக்கோவில் பக்கம் அளக்கப் போனால் வேலியும் இல்லை, கல்லும் இல்லை, உறுதியும் இல்லை. சில இடத்தில் கிணறு ஒன்றுதான் மிச்சம், கிணற்றைப் பிடித்து அங்கிருந்து அளந்து அளந்து எல்லையைத் திரும்ப எடுத்தோம். கிணறு நடக்காது. தெற்குப்படலை, உங்கள் வளவில் பழைய கிணறு இருந்தால், அது இரண்டு வீட்டுக்கும் பொதுவான கிணறாக இருந்தால் இன்னும் நல்லது, அதை மறக்காமல் காட்டுங்கள்.

கனடாவில்_இருந்து

எங்கள் காணியில் 90 இல் ஊரை விட்டு வெளிக்கிட்ட பிறகு வேறு ஆக்கள் இருந்துவிட்டார்கள். அவர்களும் பத்து வருஷக் கணக்குத்தான் சொல்கிறார்கள். அதற்கு ஏதாவது?

கந்தோர்க்கிளாக்கர்

@கனடாவில்_இருந்து 2016 இல் 5 ஆம் இலக்கச் சட்டம் ஒன்று வந்தது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை பயங்கரவாத நடவடிக்கையால் தன் உரிமையைக் கேட்க முடியாமல் போனவருக்கு எதிராக அந்தக் காலத்தைக் கணக்கில் எடுக்கக்கூடாது என்று. ஆனால் அது இரண்டு வருஷ அவகாசத்தோடு வந்த சட்டம். உங்களுடையது எல்லைப் பிரச்சினை இல்லை, முழுக் காணி. தனியாகக் கேளுங்கள், இங்கே வைத்துச் சொல்ல முடியாது, பேப்பரைப் பார்க்க வேண்டும்.

தெற்குப்படலை

எல்லாருக்கும் நன்றி. நாலு நாள் கழித்து வருகிறேன், கொஞ்சம் வெட்கமாகவும் இருக்கிறது.

செயின் ஐயா, படம் இருக்கிறது. பெரியம்மாவின் பெட்டகத்துக்குள், உறுதியோடு சேர்த்துத் துணியில் சுற்றி வைத்திருக்கிறா, ஒரு மூலை கரையான் தின்றிருக்கிறது. 1964 ஆம் வருஷம்தான். மூன்று துண்டு, ஒவ்வொன்றின் அகலத்திலும் 100 என்று எழுதியிருக்கிறது, லிங்ஸ். மேற்கே "ஒழுங்கை 12" என்று போட்டிருக்கிறது. 12 லிங்ஸ் என்றால் கிட்டத்தட்ட 8 அடி. எனக்கும் ஞாபகம் இருக்கிறது, சின்ன வயசில் ஒரு மாட்டு வண்டில் போனால் நாங்கள் வேலியோடு ஒட்டி நிற்போம்.

இப்போது அது கொங்கிறீட் ஒழுங்கை, அளந்தேன், 15 அடி. எதிர்ப்பக்கம் பிள்ளையார் கோயில் மதில், அது அந்தக் காலத்திலிருந்து அதே இடத்தில்தான். அப்படியென்றால் 7 அடியும் எங்கள் பக்கம்தான் போயிருக்கிறது. கொங்கிறீட் போட வந்தபோது அப்பா "ஊருக்குத்தானே" என்று வேலியைப் பின்னுக்கு எடுத்துக் கொடுத்தார், அம்மாதான் சொன்னா, நான் அப்போது கொழும்பில்.

பிறகு ஐயா சொன்னபடி பெரியம்மாவின் மகனையும் கூட்டிக்கொண்டு மூன்று துண்டையும் ஒரே கோட்டில் அளந்தோம். எங்களுடையது 61. நடு 64. பெரியம்மாவுடையது 66. கூட்டினால் 191.

இதைக் கணக்குப் போட்டு இரவு முழுக்கப் படுக்கவில்லை. ஒழுங்கைக்கு 7 அடி கொடுத்தது நாங்கள். அப்போ எங்களுக்கு 59 தான் இருக்க வேண்டும். 61 இருக்கிறது. இரண்டு அடி சின்னம்மாவின் காணி. 79 இல் அப்பா கதிகால் நடும்போது சூறாவளியில் எல்லாம் விழுந்து கிடந்திருக்கும், அடையாளம் தெரியாமல் நட்டிருப்பார் என்று நினைக்கிறேன். வேணுமென்று செய்திருக்கமாட்டார். மச்சான் ஒன்றரை அடிதான் உள்ளே வந்தார், விட்டுத்தான் கட்டுகிறேன் என்று அவர் சொன்னது அரை அடியை.

கோட்டைக்கல்லாறு_தம்பி

அட கடவுளே

கந்தோர்க்கிளாக்கர்

அவசரப்பட்டு எதையும் ஒத்துக்கொள்ளாதீர்கள். சட்டப்படி பார்த்தால் நாற்பது வருஷத்துக்கு மேல் நிற்கிற வேலி, நான் முதலில் சொன்னதுதான், வேலிக்கோடு உங்களுக்குச் சாதகம். இரண்டு அடி அவருடைய படத்தில் இருக்கலாம், உங்கள் ஆட்சியில் இருந்தது. கொடுக்கிறதா இல்லையா என்பது உங்கள் விருப்பம், ஆனால் கொடுப்பதென்றால் தெரிந்து கொடுங்கள்.

தெற்குப்படலை

அம்மாவிடம் இதைச் சொன்னேன், சட்டத்தையும் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு "அவள் ஒரு நாளும் கேக்கல்லையே மனே" என்றா. சின்னம்மாவுக்குத் தெரியும் போல. தெரிந்தே விட்டிருக்கிறா.

பின்னேரம் மச்சானிடம் போய்ப் பழைய படத்தைக் காட்டினேன். அவருடைய சேவையரும் இதே படத்தின் நகலைத்தான் பார்த்து அளந்திருக்கிறார், எங்களுக்குச் சொல்லாமல் அளந்தது பிழைதான் என்று மச்சானே சொன்னார். மூன்று வீடும் சேர்ந்து ஒருவரைக் கூப்பிட்டு அளப்பது, காசு மூன்றாகப் பிரிப்பது என்று பேசியிருக்கிறோம். மதில் மரத்துக்கு இங்கால வரட்டும், மரத்தைத் தறிக்கக்கூடாது என்று மட்டும் அம்மா சொல்லிவிட்டா, அப்பா நட்டது என்று. மதில் எப்படி மரத்தைச் சுற்றிப் போகும் என்று இப்போது மேசனுக்குத்தான் தலையிடி.

ஒரு கேள்வி மட்டும். அளந்து சரி என்று வந்தால் ஒரு பேப்பரில் மூன்று பேரும் எழுதிக் கையெழுத்து வைத்தால் போதுமா?

கந்தோர்க்கிளாக்கர்

போதாது. இப்படிக் காணி உரிமை சம்பந்தமான உடன்பாடு நொத்தாரிசுக்கு முன்னால் இரண்டு சாட்சியோடு எழுதினால்தான் செல்லும், 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம். வெள்ளைப் பேப்பரில் எழுதினது உங்கள் பிள்ளைகள் காலத்தில் ஒன்றுக்கும் உதவாது. புதுப் படத்தின் இலக்கத்தையும் திகதியையும் போட்டு எல்லையை ஒத்துக்கொண்டு ஒரு உறுதி முடியுங்கள், காணிப் பதிவகத்தில் மூன்று காணியின் பதிவேட்டுப் பக்கத்திலும் பதியுங்கள். ஒழுங்கைக்குப் போன 7 அடியையும் புதுப் படத்தில் காட்டச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் இன்னும் முப்பது வருஷத்தில் உங்கள் மகன் டேப்பை எடுத்துக்கொண்டு வந்து "66 அடி எங்கே" என்று கேட்பான். பேர்ச் கணக்கும் மாறும், 24 இல் இரண்டரை ஒழுங்கைக்கே போயிற்று. இனி விற்பதென்றாலும் வங்கியில் ஈடு வைப்பதென்றாலும் அந்தப் புதுக் கணக்குத்தான்.

இன்னொன்று, உறுதிக்கு முதல் பதிவகத்தில் மூன்று காணியின் பதிவேட்டுப் பிரதியையும் எடுத்துப் பாருங்கள். சின்னம்மா தன் துண்டை மகளுக்கு எழுதிக் கொடுத்திருக்கிறாவா, எழுதாமலே போய்ச் சேர்ந்தாவா என்று. எழுதவில்லை என்றால் கையெழுத்து வைக்க மற்றப் பிள்ளைகளும் வர வேண்டும்.

தெற்குப்படலை

ஒரு மகன் பிரான்சில் இருக்கிறான். கேட்கிறேன்.

செயின்பிடித்தவன்

அளக்கிற நாளுக்கு முதல் நாள் வேலியில் படர்ந்த கொடியை எல்லாம் வெட்டி வையுங்கள், கிழக்கு மேற்காகப் பார்வை போக வேண்டும். வாழைக்குலை தொங்கினால் அதையும் கட்டி வையுங்கள். கோயில் மதிலின் மூலையை அவருக்குக் காட்டுங்கள், பழைய படத்தில் அந்த மூலை இருந்தால் அங்கிருந்துதான் தொடங்குவார். அம்மாவை ஒரு கதிரை போட்டு வேலிப் பக்கம் இருக்கச் சொல்லுங்கள். 64 இல் அளந்தபோது வளவில் நின்றவர்களில் உயிரோடு இருப்பது அவவும் பெரியம்மாவும்தானே. அளவையாளர் கேட்பார்.

மழை தொடங்க முதல் செய்துவிடுங்கள்.